கடல் காதுகளுக்கு ஒரு பிரசவ விடுதி

கலிஃபோர்னியாவின் வெள்ளை அபலோன்களைப் பத்தே ஆண்டுகளில் பிடித்துத் தீர்த்துவிட்டார்கள். மிச்சமிருந்த சிலவற்றைத் தொட்டியில் வைத்துப் பெருக்கிவருகிறது ஒரு கடலோர ஆய்வுக்கூடம். ஆனால் அவை திரும்பிப் போகவேண்டிய கடல் எந்த நிலையில் இருக்கிறது?

சான்ஃபிரான்சிஸ்கோவிலிருந்து வடக்கே சுமார் 100 கிலோமீட்டர். மேய்ச்சல் குன்றுகளுக்கு நடுவிலும் கடலின் விளிம்பிலுமாக வளைந்து வளைந்து செல்லும் ஒன்றாம் எண் நெடுஞ்சாலை, போடேகா பே என்ற சிற்றூரில் கொண்டுபோய்விடுகிறது. கோடையிலும் ஸ்வெட்டர் தேவைப்படும் ஊர். மூடுபனி விலகுவதற்குள் பாதி நாள் போய்விடும். படகுத்துறையில் நண்டுக் கூண்டுகள் அடுக்கடுக்காகக் கிடக்கின்றன. ஆல்ஃப்ரெட் ஹிட்ச்காக்கின் 'தி பேர்ட்ஸ்' (1963) படத்தில் பறவைகள் மனிதர்களைக் கொத்திக் குதறியது இந்த வட்டாரத்தில்தான். அதனால் சினிமா ரசிகர்கள் இன்னும் இங்கே வந்து, கடற்காகங்களைக் கொஞ்சம் சந்தேகத்தோடு பார்த்துவிட்டுப் போகிறார்கள்.

துறைமுகத்துக்கு அப்பால் கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் பாறை முனைக்கு போடேகா ஹெட் என்று பெயர். ஊருக்கும் முனைக்கும் நடுவே, கண்ணுக்குத் தெரியாமல் சான் ஆண்ட்ரியாஸ் நிலப்பிளவு ஓடுகிறது. 1906-ல் சான்ஃபிரான்சிஸ்கோவைச் சின்னாபின்னமாக்கிய பூகம்பம் பிறந்த அதே பிளவு. ஊர் இருப்பது வட அமெரிக்கத் தட்டின் மீது. முனை இருப்பதோ பசிபிக் தட்டின் மீது. ஆண்டுக்குச் சில சென்டிமீட்டர் வீதம் முனை வடமேற்குத் திசையில் நகர்ந்துகொண்டிருக்கிறது.

இப்படிப்பட்ட இடத்தில்தான் அணுமின் நிலையம் கட்டுவதாக 1958-ல் பசிபிக் கேஸ் அண்ட் எலெக்ட்ரிக் நிறுவனம் அறிவித்தது. நிலத்தை விட்டுக்கொடுக்க மறுத்த ரோஸ் காஃப்னி என்ற பெண்மணியும், கடல் உயிரியலாளர் ஜோயல் ஹெட்ஜ்பெத்தும், உள்ளூர் மாட்டுப் பண்ணைக்காரர்களும் எதிர்த்து நின்றார்கள். கதிரியக்கத் தூசி காற்றில் எங்கெங்கே போய் விழும் என்பதைக் காட்ட 1963-ல் சுமார் 1,500 பலூன்களைப் பறக்கவிட்டார்கள். உலைக்காகத் தோண்டிய குழிக்குள்ளேயே பிளவின் கிளை ஒன்று தென்பட்டதும் நிறுவனத்தின் வாதம் ஆட்டம் கண்டது. 1964-ல் திட்டம் கைவிடப்பட்டது. குழியில் தண்ணீர் நிறைந்து குளமாகிவிட்டது. முனையின் பெயரில் இருக்கும் 'ஹெட்'டை வைத்து அதற்குத் 'தலையில் விழுந்த ஓட்டை' என்று கேலிப் பெயர் சூட்டிவிட்டார்கள் உள்ளூர்க்காரர்கள்.

அணு உலை வராமல் போன அந்த முனையில் 1966-ல் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் கடல் ஆய்வுக்கூடம் திறக்கப்பட்டது. இன்று பல்கலைக்கழகத்தின் டேவிஸ் வளாகம் அதை நடத்துகிறது. குதிரை லாடம் போல வளைந்த சிறு குடாவிலிருந்து கடல்நீரை இழுத்து, இரவும் பகலும் தொட்டிகளில் ஓடவிடுகிறார்கள். அந்தத் தொட்டிகள் சிலவற்றில்தான் இந்தக் கட்டுரையின் நாயகர்கள் ஒட்டிக்கொண்டிருக்கிறார்கள். வெள்ளை அபலோன்கள். கடலில் மிஞ்சியிருப்பவற்றைவிட இந்தத் திட்டத்தின் தொட்டிகளில் இருப்பவை அதிகம் என்பதைச் சாதனை என்று கொள்வதா, அவமானம் என்று கொள்வதா என்பது பார்ப்பவரின் மனதைப் பொறுத்தது.

அபலோன் ஒரு கடல் நத்தை. ஆனால் நத்தைக்குரிய கூம்பு ஓடு கிடையாது. காது மடலைப் போலத் தட்டையான ஒற்றை ஓடுதான். அதனால்தான் விஞ்ஞானிகள் அதற்கு கிரேக்க மொழியில் 'கடல் காது' என்று பொருள்படும் ஹாலியோடிஸ் என்ற பெயரை வைத்தார்கள். ஓட்டின் ஓரத்தில் வரிசையாகத் துளைகள். உள்ளே இழுத்த தண்ணீரை அவற்றின் வழியாகத்தான் அது வெளியேற்றுகிறது. வெளியே பாசி படிந்து பாறையோடு பாறையாகத் தெரியும் ஓட்டின் உட்புறத்தைத் திருப்பிப் பார்த்தால், மயில் கழுத்தின் நிறங்கள் அத்தனையும் மின்னும். ஓட்டை நிரப்பிக்கொண்டிருக்கும் ஒரே தசைப் பாதம் பாறையைப் பிடித்த பிடியை வெறும் கையால் விடுவிக்க முடியாது. கடப்பாரை போன்ற இரும்புப் பட்டை வேண்டும். அந்தப் பாதம்தான் அபலோனின் பலம். அதற்கு எமனாக வந்ததும் அதுதான். பலகையில் வைத்துத் தட்டி மெதுவாக்கி வெண்ணெயில் பொரித்தால் அதற்கு இணையான கடல் உணவு இல்லை என்று சாப்பிட்டவர்கள் சொல்வார்கள்.

கலிஃபோர்னியக் கரையோரத்தில் ஏழு வகை அபலோன்கள் உண்டு. கரைப் பாறைகளில் கறுப்பு, இன்னும் சற்று ஆழத்தில் பச்சை, இளஞ்சிவப்பு, சிவப்பு. வெள்ளை அபலோன் எல்லாவற்றையும்விட ஆழத்தில், பெரும்பாலும் 25 மீட்டருக்குக் கீழே வாழ்வது. பாயின்ட் கன்செப்ஷன் முனையிலிருந்து தெற்கே மெக்ஸிகோவின் பாஹா கலிஃபோர்னியா வரைதான் அதன் ராஜ்யம். அதாவது, போடேகா அதன் சொந்த ஊர் அல்ல. ராஜ்யத்தின் வடக்கு எல்லையே இங்கிருந்து ஏறத்தாழ 500 கிலோமீட்டர் தெற்கே இருக்கிறது. வெள்ளை அபலோனுக்கு போடேகா ஓர் அகதி முகாம்.

இந்தக் கரையில் மனிதர்கள் அபலோன் சாப்பிடத் தொடங்கியது நேற்று அல்ல. தெற்கே சேனல் தீவுகளின் பழங்குடிகள் தின்றுபோட்ட ஓடுகள் பல ஆயிரம் ஆண்டுகளாகக் குவிந்து மேடுகளாகியிருக்கின்றன. வடக்கே மீவோக், போமோ இனத்தாருக்கு அது உணவும் அணிகலனும் சடங்குப் பொருளும். அவர்களோடு போட்டி போட்டது கடல் நீர்நாய் ஒன்றுதான். மல்லாந்து மிதந்தபடி, வயிற்றின் மேல் கல்லை வைத்துச் சிப்பியை உடைத்துத் தின்னும் பிராணி. அதன் ரோமத்துக்காக ரஷ்யர்கள் 1812-ல் போடேகாவுக்கு வடக்கே ராஸ் கோட்டையைக் கட்டினார்கள். போடேகா விரிகுடாதான் அவர்களுடைய துறைமுகம். அலாஸ்காவிலிருந்து வேட்டைக்காரர்களைக் கொண்டுவந்து நீர்நாய்களைத் தீர்த்துவிட்டு 1841-ல் கோட்டையை விற்றுவிட்டுப் போனார்கள். தின்பதற்கு நீர்நாய் இல்லாமல் போனதும் அபலோன்கள் பாறைக்குப் பாறை பெருகின.

அந்தப் புதையலை முதலில் கண்டுகொண்டவர்கள் தங்கம் தேடி வந்த சீனர்கள். 1850-களிலேயே மான்டெரேயில் குடியேறி, அபலோன்களைச் சேகரித்துக் காயவைத்துச் சீனாவுக்கு ஏற்றுமதி செய்தார்கள். 1900-வாக்கில் ஆழமற்ற நீரில் அபலோன் எடுப்பதைத் தடைசெய்யும் சட்டங்கள் வந்தன. கரையோரம் நடந்தே சேகரித்த சீனர்களின் தொழில் அதோடு முடிந்தது. அடுத்து ஜப்பானியர்கள். 1897-ல் வந்து சேர்ந்த கென்னோசுகே கோடானி என்ற இளைஞர், பாயின்ட் லோபோஸில் உள்ளூர்க்காரர் ஒருவருடன் கூட்டுச் சேர்ந்து அபலோனை டப்பாவில் அடைக்கும் ஆலை நடத்தினார். தலைக்கவசமும் காற்றுக் குழாயுமாக ஆழத்தில் இறங்கும் முக்குளிப்பவர்கள் ஜப்பானிலிருந்து வந்தார்கள். வெள்ளையர்களுக்கு அதுவரை அபலோன் என்றால் அருவருப்பு. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மான்டெரே சமையல்காரர் எர்னஸ்ட் டோல்டர், தட்டிப் பொரிக்கும் வித்தையைக் காட்டிய பிறகுதான் அவர்களுக்கும் நாக்கு ஊறியது.

இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு பெருவேட்டை ஆரம்பித்தது. 1957-ல் உச்சம். அந்த ஓர் ஆண்டில் கரைக்கு வந்தது 2,000 டன்னுக்கு மேல். அதன் பிறகும் பல ஆண்டுகள் மொத்த எண்ணிக்கையில் பெரிய சரிவு தெரியவில்லை. அதிகாரிகளும் நிம்மதியாக இருந்தார்கள். சூட்சுமம் பிறகுதான் புரிந்தது. ஓர் இனம் தீர்ந்ததும் வேட்டை அடுத்த இனத்துக்குத் தாவியிருந்தது. இளஞ்சிவப்பு குறைந்தால் சிவப்பு, பிறகு பச்சை, பிறகு கறுப்பு. கணக்குப் புத்தகத்தில் எல்லாம் 'அபலோன்' என்ற ஒரே தலைப்பின் கீழ் கூட்டப்பட்டதால், ஒவ்வொன்றாகக் காலியாவது வெளியே தெரியவில்லை.

கடைசியாகக் கைவைத்தது வெள்ளை அபலோன் மீது. ஆழத்தில் வாழ்வதால் யாரும் சீந்தாமல் இருந்தது. சதை மற்ற எல்லாவற்றையும்விட மென்மை. ஸ்கூபா கருவிகளும் நல்ல படகுகளும் வந்ததும் வேட்டை தொடங்கியது. 1972-ல் உச்சத்தைத் தொட்டபோது பிடிபட்டது சுமார் 65 டன். 1970-கள் முடிவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. ஒரு தலைமுறை மனிதனின் ஆயுளுக்கு நிகராக, 35, 40 ஆண்டுகள் வாழக்கூடிய பிராணியை முழுதாகத் தீர்க்கப் பத்தே ஆண்டுகள் போதுமாக இருந்தன.

வேட்டை நின்றதும் தானாகவே பெருகிவிடாதா? இங்கேதான் அபலோனின் பிறவி விதி குறுக்கே வருகிறது. ஆணும் பெண்ணும் சேர்வதில்லை. காலம் வந்ததும் ஆண் விந்தையும் பெண் முட்டைகளையும் ஓட்டின் துளைகள் வழியாகக் கடல்நீரில் கலந்துவிடும். இரண்டும் சந்தித்தால்தான் கரு. அதற்கு இரண்டும் ஓரிரு மீட்டர் தூரத்துக்குள் இருக்கவேண்டும். அதற்கு மேல் போனால் கடல் கரைத்துவிடும். ஒரு பெண் அபலோன் லட்சக்கணக்கில் முட்டையிடும் என்பதால் மட்டும் பயனில்லை. பக்கத்தில் ஆண் இல்லாவிட்டால் அத்தனையும் வீண். வேட்டைக்காரர்கள் விட்டுவைத்தவை தனித்தனிப் பாறைகளில், ஒன்றை ஒன்று எட்டமுடியாத தூரத்தில் மிஞ்சின. ஆண்டுதோறும் முட்டையிட்டு, வாரிசில்லாமல் மூப்படைந்து மடிந்தன.

1992-93-ல் சேனல் தீவுகளைச் சுற்றி, ஒரு காலத்தில் வெள்ளை அபலோன்கள் நிறைந்திருந்த இடங்களாகப் பார்த்து விஞ்ஞானிகள் முக்குளித்துத் தேடினார்கள். உயிரோடு கிடைத்தவை மூன்று. 1996-ல் வெள்ளை அபலோன் பிடிக்கத் தடை வந்தது. அடுத்த ஆண்டு சான்ஃபிரான்சிஸ்கோவுக்குத் தெற்கே எல்லா அபலோன் வேட்டையும் நிறுத்தப்பட்டது. 2001-ல் அமெரிக்காவின் அழிவுறும் உயிரினங்கள் சட்டத்தின் கீழ் வெள்ளை அபலோன் சேர்க்கப்பட்டது. முதுகெலும்பற்ற கடல்வாழ் பிராணி ஒன்று அந்தப் பட்டியலில் இடம்பிடித்தது அதுவே முதல் முறை. 1970-களில் இருந்ததில் சுமார் 99 சதவிகிதம் அதற்குள் போய்விட்டிருந்தது.

சும்மா காவல் காத்தால் இந்த இனம் பிழைக்காது, கையைப் பிடித்துச் சேர்த்துவைக்க வேண்டும் என்று அரசுக்குப் புரிந்தது. இரண்டாயிரமாவது ஆண்டை ஒட்டி ஆழ்கடலிலிருந்து கொஞ்சம் வெள்ளை அபலோன்களைப் பொறுக்கியெடுத்து, தெற்குக் கலிஃபோர்னியாவில் ஒரு வளர்ப்பு நிலையத்தில் வைத்தார்கள். ஆயிரக்கணக்கில் குஞ்சுகள் பிறந்தன. ஆனால் மகிழ்ச்சி நீடிக்கவில்லை. 'வாடல் நோய்' புகுந்து அவற்றில் பெரும்பாலானவற்றைக் கொண்டுபோய்விட்டது.

அந்த நோய்க்கு ஒரு முன்கதை உண்டு. 1980-களின் நடுவில் சேனல் தீவுகளின் கறுப்பு அபலோன்கள் காரணம் தெரியாமல் சாகத் தொடங்கின. ஒரு பாக்டீரியா அவற்றின் செரிமான உறுப்புகளைத் தாக்குகிறது. தின்றது உடம்பில் ஒட்டாமல், அபலோன் தன் தசையையே கரைத்துத் தின்கிறது. பாதம் வாடிச் சுருங்கி, பாறையிலிருந்து கழன்று விழுகிறது. தண்ணீர் சூடாகும்போது நோய் சீறுகிறது. கரைப் பாறைகளில் ஒன்றன் மேல் ஒன்றாக அடுக்கிக் கிடந்த கறுப்பு அபலோன்கள் தெற்குப் பகுதியில் பெரும்பாலும் துடைத்தெடுக்கப்பட்டன. 2009-ல் அதுவும் அழிவுப் பட்டியலில் சேர்ந்தது.

தெற்கின் வெதுவெதுப்பான நீரில் பிழைக்காததற்கு வடக்கின் குளிர்ந்த நீரே மருந்து என்ற எண்ணத்தில்தான் 2011-ல் திட்டத்தின் தலைமையகம் போடேகாவுக்கு மாற்றப்பட்டது. வந்து சேரும் கடல்நீரைப் புற ஊதாக் கதிரால் சுத்திகரிக்கிறார்கள். நோய்க்கிருமி இருந்தால் அபலோனை ஆன்டிபயாடிக் கரைசலில் குளிப்பாட்டுகிறார்கள். ஓட்டைத் துளைத்து உள்ளே குடியேறும் ஒட்டுண்ணிகள் இன்னொரு தொல்லை. அதற்குக் கண்டுபிடித்த சிகிச்சை தமிழ் வீட்டுப் பாட்டி யாருக்கும் வியப்பளிக்காது: தேன்மெழுகையும் தேங்காய் எண்ணெயையும் கலந்து ஓட்டின் மேல் பூசுவது. துளைகளுக்குள் இருக்கும் புழுக்கள் மூச்சுத் திணறிச் சாகின்றன.

பிரசவம் பார்ப்பது ஒரு தனிக் கலை. கடலில் எந்தக் குறிப்பைக் கண்டு அபலோன்கள் ஒரே நேரத்தில் முட்டையிடுகின்றன என்பதெல்லாம் தொட்டிக்குப் பொருந்தாது. கலிஃபோர்னியாவின் சான்டா பார்பரா வளாகத்தில் டேனியல் மோர்ஸ் குழுவினர் 1977-ல் ஒரு சுலப வழியைக் கண்டுபிடித்தார்கள். காரத்தன்மையைக் கொஞ்சம் கூட்டிய கடல்நீரில் சிறிது ஹைட்ரஜன் பெராக்சைடு. மருந்துக்கடையில் புண் கழுவ விற்கும் அதே திரவம். வாளிக்குள் அதில் ஊறவைத்துவிட்டு, பல மணி நேரம் காத்திருக்க வேண்டும். மனம் வைத்தால் துளைகளிலிருந்து பால் போல விந்து புகைந்து வரும்; இன்னொரு வாளியில் முட்டைகள் கொட்டும். மனம் வைக்காவிட்டால் அடுத்த முயற்சி வரை பொறுக்க வேண்டியதுதான். போடேகாவில் முதல் வெற்றி கிடைத்தது 2012-ல். அந்த ஆண்டின் குஞ்சுகளில் பிழைத்தவை விரல்விட்டு எண்ணக்கூடியவை. கிரிஸ்டின் அக்விலினோ போன்ற விஞ்ஞானிகளின் பொறுப்பில் அடுத்தடுத்த ஆண்டுகளில் நூறுகள் ஆயிரங்களாயின.

முட்டையிலிருந்து வரும் லார்வாக்கள் சில நாட்கள் எதையும் தின்னாமல் நீந்தும். பிறகு, பாறைகளில் இளஞ்சிவப்பு வண்ணம் பூசியது போலப் படரும் ஒருவகைச் சுண்ணாம்புப் பாசியைத் தேடி உட்காரும். ஒரு முறை உட்கார்ந்துவிட்டால் பிறகு வாழ்க்கை ஊர்ந்துதான். முதலில் நுண்பாசி, வளர்ந்ததும் கடற்பாசி. முட்டைகளில் லட்சத்தில் ஒரு சிலதான் விரல் நகம் அளவுக்கு வளர்கின்றன. அவை முதிர்ச்சியடைய நான்கிலிருந்து ஆறு ஆண்டுகள் ஆகும்.

2019 நவம்பரில் அந்தக் குஞ்சுகளில் சுமார் 3,200 தெற்கே பயணமாகித் தங்கள் மூதாதையரின் கடலுக்குத் திரும்பின. நேராகக் கடலில் கொட்டிவிடவில்லை. நல்ல இடமாகப் பார்த்துக் கடலடியில் கூண்டுகளைப் பதித்து, அதற்குள் சில நாட்கள் வைத்திருந்து, அலையும் இருளும் பழகிய பின்பு கதவைத் திறந்துவிட்டார்கள். ஒவ்வொன்றின் ஓட்டிலும் எண் பொறித்த சிறு வில்லை ஒட்டப்பட்டிருந்தது. திறந்த கதவுக்கு வெளியே ஆக்டோபஸ்கள் காத்திருக்கும் என்பது எல்லோருக்கும் தெரியும். அப்போதிலிருந்து ஆண்டுதோறும் தவணை தவணையாக ஆயிரக்கணக்கான குஞ்சுகள் விடப்பட்டிருக்கின்றன. இளம் அபலோன்கள் பாறை இடுக்குகளில் ஒளிந்து வாழ்பவை. முக்குளித்துப் போகும் ஆய்வாளர்கள் டார்ச் வெளிச்சத்தில் எத்தனைதான் தேடினாலும் கண்ணில் படுபவை சொற்பமே. ஓடு வெறுமையாகக் கிடந்தால் ஒரு சாவு என்று எண்ணிக்கொள்ளலாம். ஓடும் இல்லை, உயிரும் இல்லை என்றால் அது நம்பிக்கையின் கணக்கில் சேரும்.

இந்த நம்பிக்கையை போடேகாவிலேயே கேலி செய்வது போல, ஆய்வுக்கூடத்துக்கு வெளியே இன்னொரு அழிவு நடந்துவருகிறது. வடக்குக் கலிஃபோர்னியாவின் சொந்தப் பிள்ளை சிவப்பு அபலோன். இங்கே அதைப் பணத்துக்காகப் பிடிக்கவே பல பத்தாண்டுகளாக அனுமதி இல்லை. வீட்டுக்காக மட்டும். அதுவும் ஸ்கூபா இல்லாமல், மூச்சைப் பிடித்துக்கொண்டு முக்குளித்து, ஏழு அங்குல அளவுகோலில் தேறியதை மட்டும், எண்ணிக்கை வரம்புக்குள். உலகிலேயே ஒழுங்காக நடத்தப்பட்ட அபலோன் வேட்டை இதுதான் என்று பாடம் சொல்லிக்கொடுத்தார்கள். சோனோமா, மெண்டசீனோ கரையோர விடுதிகளுக்கும் முக்குளிப்புக் கடைகளுக்கும் சேர்த்து ஆண்டுக்கு 4.4 கோடி டாலர் மதிப்புள்ள வேட்டை. வாரக் கடைசியில் தாத்தா, மகன், பேரன் என்று மூன்று தலைமுறையும் ரப்பர் உடை மாட்டிக்கொண்டு இறங்கும். கரையில் கூடாரம் போட்டு, அபலோனைத் தட்டும் சத்தம் கேட்கும்.

ஒழுங்கு மட்டும் போதவில்லை. 2013-ல் கடல் நட்சத்திரங்களை உருக்கிக் கொல்லும் நோய் பரவியது. ஊதா நிற மூரைகளைத் தின்று கட்டுக்குள் வைத்திருந்த சூரியகாந்தி நட்சத்திரம் இந்தக் கரையிலிருந்து மறைந்தேபோனது. 2014 முதல் 2016 வரை பசிபிக் கடலில் வெப்ப அலை. குளிர்ந்த நீரில் மரம் போல வளரும் கெல்ப் என்ற கடற்பாசிக் காடுகள் வதங்கின. தின்பார் இல்லாமல் பெருகிய மூரைகள் மிச்சத்தையும் மொட்டையடித்தன. சோனோமா, மெண்டசீனோ கரையோரம் சுமார் 350 கிலோமீட்டர் நீளத்துக்கு கெல்ப் காட்டில் 90 சதவிகிதத்துக்கு மேல் காணாமல் போனது. உணவில்லாத சிவப்பு அபலோன்கள் பட்டினியில் சுருங்கி, வெற்று ஓடுகளாகக் கரையொதுங்கின. 2018-ல் வேட்டை முழுதாக மூடப்பட்டது. பிறகு தடை நீட்டிக்கப்பட்டது. சில கடைகள் மூடின. கஷாயா போமோ மக்களுக்கு இழப்பு கடைக் கணக்கில் அடங்காதது. பிள்ளைகளுக்குச் சொல்லித்தர இருந்த ஒரு வித்தை, சொல்லித்தர ஆளிருந்தும் கைவிட்டுப் போகிறது.

மூரைகளுக்கோ சாவு கிடையாது. உள்ளே சதையே இல்லாமல் வெற்று முள்ளுருண்டைகளாக ஆண்டுக்கணக்கில் உயிரோடு கிடக்கும். ஏதேனும் ஒரு கெல்ப் தளிர் எட்டிப்பார்த்தால் கூட்டமாக மேலேறி முடித்துவிடும். அதனால் 2020 முதல் மெண்டசீனோவின் சில குடாக்களில் மீனவர்களுக்குக் கூலி கொடுத்து மூரைகளை அள்ளச் செய்கிறார்கள். அள்ளிய இடங்களில் கெல்ப் ஓரளவு தலைதூக்குகிறது. சூரியகாந்தி நட்சத்திரங்களைத் தொட்டியில் வளர்க்கும் வேலையும் நடக்கிறது. அவற்றைக் கொன்றது விப்ரியோ வகை பாக்டீரியா ஒன்று என்று 2025-ல் விஞ்ஞானிகள் அறிவித்தார்கள். மூரைகளைத் தின்ன நீர்நாய்களைத் திரும்பக் கொண்டுவரலாமே என்பவர்களும் உண்டு. 1938-ல் பிக் சூர் பக்கம் சிறு கூட்டம் ஒன்று தப்பியிருப்பது தெரியவந்தது. இன்று மத்தியக் கலிஃபோர்னியாவில் நீர்நாய்கள் சுமார் 3,000 இருக்கின்றன. ஆனால் நீர்நாய் மூரையை மட்டும் தின்று அபலோனை விட்டுவைக்கும் பிராணி அல்ல. ஒன்றைக் காப்பாற்றப் போனால் இன்னொன்றின் கழுத்துக்குக் கத்தி என்பது இந்தக் கரையின் பழைய வழக்கு.

கலிஃபோர்னியாவின் கதை அதோடு நிற்கவில்லை. உலகின் 54 அபலோன் இனங்களில் 20 அழிவின் அபாயத்தில் இருப்பதாக 2022 டிசம்பரில் சர்வதேச இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் அறிவித்தது. தென் ஆப்பிரிக்காவில் கடத்தல் கும்பல்களே அபலோனின் எதிரி. 2000 முதல் 2016 வரை அங்கே திருட்டுத்தனமாக எடுக்கப்பட்டவை 9.6 கோடி என்று டிராஃபிக் அமைப்பின் 2018 அறிக்கை கணக்கிட்டது. பல சமயம் கூலியாகக் கைமாறுவது போதைப்பொருள். இத்தனைக்கும் இன்று உலகச் சந்தையில் விற்கும் அபலோனில் மிகப் பெரும்பகுதி பண்ணைகளில் வளர்ந்ததே. பண்ணையில் கோடிக்கணக்கில் வளர்க்கத் தெரிந்த மனிதனுக்கு, கடலில் ஒரு பாறையை மறுபடி நிரப்பத் தெரியவில்லை.

இந்த வேறுபாடு தமிழ்நாட்டுக் கடற்கரைக்குப் புதிதல்ல. மன்னார் வளைகுடாவின் பாறைகளிலும் சிறிய அபலோன் இனம் ஒன்று உண்டு. மண்டபத்தில் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தார் அதைத் தொட்டியில் இனப்பெருக்கம் செய்து, ஓட்டில் அரை முத்தும் விளைவித்துக் காட்டியிருக்கிறார்கள். ஆனால் பொருத்தமான உதாரணம் முத்துச்சிப்பி. ஈராயிரம் ஆண்டுப் பெருமை கொண்ட தூத்துக்குடி முத்துக்குளிப்பு கடைசியாக நடந்தது 1961-ல். 1981-ல் அதே நிலையம் பொரிப்பகத்தில் முத்துச்சிப்பிக் குஞ்சுகளை உருவாக்குவதில் வெற்றிபெற்றது. பார்களில் குஞ்சுகளை விதைத்தும் பார்த்தார்கள். முத்துக்குளிப்பு திரும்பவில்லை. விதை இருந்தால் மட்டும் போதாது. பார் சரியாக இருக்கவேண்டும் என்ற பாடம் போடேகாவுக்கும் தூத்துக்குடிக்கும் பொது.

இவ்வளவு பணம் ஒரு நத்தைக்காகவா என்று கேட்பவர்கள் உண்டு. ஆண்டுக்கு ஆண்டு மானியத்தை எதிர்பார்த்து நடக்கும் திட்டம் இது. கொஞ்சம் பெற்றோர்களை மட்டும் வைத்துப் பெருக்கினால் எல்லாம் உடன்பிறப்புகளாகிவிடும் என்ற ஆபத்தும் உண்டு. அதனால் கடலில் தனித்துக் கிடக்கும் முதியவை சிலவற்றைப் புதிய ரத்தத்துக்காகத் தேடிக் கொண்டுவர வேண்டியிருக்கிறது. கடலில் மிச்சமிருப்பதை எடுத்துத்தான் கடலை நிரப்ப வேண்டும் என்ற சங்கடம். ஆதரிப்பவர்களின் பதில் எளிமையானது. இந்த இனத்தைப் புயலோ எரிமலையோ அழிக்கவில்லை. உரிமம் கொடுத்து, வரி வாங்கி, எடைபோட்டு, கணக்கெழுதி அழித்தது. கணக்கெழுதிய கைக்குத் திருப்பிச் செலுத்தும் கடமையும் உண்டு.

2019-ல் கூண்டுக் கதவு திறந்தபோது வெளியேறியவற்றில் தப்பிப் பிழைத்தவை இந்நேரம் முட்டையிடும் வயதை எட்டியிருக்கும். ஆனால் ஆய்வாளர்கள் தேடுவது அவற்றை மட்டுமல்ல. தொட்டித் தீனியில் வளர்ந்த அபலோனின் ஓட்டில் அந்தத் தீனியின் நிறம் படிந்திருக்கும்; முதுகில் எண் வில்லையும் இருக்கும். இது எதுவும் இல்லாத, எந்த வாளியையும் பார்த்திராத, பக்கத்துப் பக்கத்துப் பாறைகளில் இருந்த இரண்டு அபலோன்கள் தாங்களாகவே கடலில் பெற்ற ஒரு குஞ்சு. எண் ஒட்டாத குஞ்சுகள் பாறைகளில் பெருகத் தொடங்கும் நாளில்தான் போடேகாவின் பிரசவ விடுதி தன் கதவை நிம்மதியாக மூடலாம்.